கேட்காமல் வரும் விளையாட்டு அழைப்புகளை நிறுத்துவது எப்படி? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஃபேஸ்புக், மெசஞ்சர், வாட்ஸ்அப், டெலிகிராம், இன்ஸ்டாகிராம் வழியாக வந்து விழும் விளையாட்டு அழைப்புகளையும் நோட்டிஃபிகேஷன்களையும் நிறுத்தும் வழிகள் இங்கே உள்ளன. மெனுப் பெயர்கள் ஆங்கிலத் திரையில் தெரிகிறபடி தமிழ் எழுத்தில் தரப்பட்டிருக்கின்றன. ஆப் அப்டேட் ஆனால் சில மெனுக்கள் இடம் மாறும். சொன்ன இடத்தில் இல்லையென்றால் செட்டிங்ஸ் பக்கத்தின் தேடல் பெட்டியில் அந்தப் பெயரைத் தட்டிப் பாருங்கள்.

இந்த அழைப்புகளை நண்பர்கள்தான் அனுப்புகிறார்களா?

பாதி நேரம் அவர்களுக்கே தெரியாமல் போகிறது. கேண்டி க்ரஷ் சாகாவை எடுத்துக்கொள்ளுங்கள். 2012-இல் ஃபேஸ்புக்கில் வந்த விளையாட்டு. அதில் ஐந்து உயிர்கள். ஒவ்வொரு தோல்விக்கும் ஒன்று போகும். போன உயிர் திரும்பி வர 30 நிமிடம் ஆகும். காத்திருக்க மனமில்லாதவர் நண்பர்களிடம் உயிர் கேட்கலாம். ஆரம்ப காலத்தில் ஒரு கட்டம் முடிந்து அடுத்ததற்குப் போக மூன்று நண்பர்கள் டிக்கெட் தர வேண்டும், இல்லையென்றால் காசு கட்ட வேண்டும். கேட்கும் பெட்டி திறக்கும்போதே நண்பர்களின் பெயர்கள் டிக் ஆகி இருந்தால், விளையாடுகிறவர் அவசரத்தில் 'சென்ட்' அழுத்திவிடுவார். அடுத்த நொடி அது பள்ளித் தோழிக்கும் போகும், பழைய மேனேஜருக்கும் போகும்.

இந்தியாவில் இது எவ்வளவு பெரிய தலைவலியாக இருந்தது என்பதற்கு ஒரு சாட்சி உண்டு. 2015 அக்டோபரில் மார்க் ஸக்கர்பெர்க் டெல்லி ஐஐடியில் கேள்வி-பதில் கூட்டம் நடத்தினார். முன்கூட்டியே அனுப்பப்பட்ட கேள்விகளில் அதிக வாக்கு வாங்கியது, கேண்டி க்ரஷ் அழைப்புகளை எப்படி நிறுத்துவது என்பதுதான்.

எனவே அனுப்பியவர் மேல் கோபப்படும் முன், அழைப்பு எந்த வழியாக வந்தது என்று பாருங்கள். நண்பர் அனுப்பியதா, விளையாட்டு ஆப் தானாக அனுப்பியதா, ஃபோனில் இருக்கும் வேறு ஏதோ ஒன்று அனுப்பியதா? மூன்றுக்கும் வெவ்வேறு பூட்டு. எல்லாவற்றையும் பிளாக் செய்த பிறகும் வந்துகொண்டே இருக்கிறது என்று சொல்கிறவர்களில் பெரும்பாலோர் பூட்டியது வேறு கதவு.

எங்கிருந்து வந்தது என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

நோட்டிஃபிகேஷனை உடனே தள்ளிவிடாதீர்கள். அதன் மேல் ஓரத்தில் சின்ன ஐகானும் அதன் பக்கத்தில் ஆப்பின் பெயரும் இருக்கும். தலைப்பில் என்ன எழுதியிருந்தாலும் நம்ப வேண்டியது அந்தச் சின்னப் பெயரைத்தான். 'உங்கள் நண்பர் காத்திருக்கிறார்' என்று தலைப்பு இருக்கும். மேலே பார்த்தால் 'குரோம்' என்று இருக்கும். அப்படியென்றால் அது ஏதோ ஒரு இணையதளம் அனுப்பியது, நண்பர் யாரும் அனுப்பவில்லை.

ஆண்ட்ராய்டில் நோட்டிஃபிகேஷனை அழுத்திப் பிடித்தால் எந்த ஆப், அந்த ஆப்பின் எந்த வகை என்பது தெரியும். அங்கேயே அணைக்கவும் செய்யலாம். அதற்குள் தள்ளிவிட்டீர்களா? ஆண்ட்ராய்டு 11 முதல் நோட்டிஃபிகேஷன் ஹிஸ்டரி இருக்கிறது. செட்டிங்ஸ் → நோட்டிஃபிகேஷன்ஸ் → நோட்டிஃபிகேஷன் ஹிஸ்டரி. சாம்சங் ஃபோனில் நோட்டிஃபிகேஷன்ஸுக்குள் 'அட்வான்ஸ்ட் செட்டிங்ஸ்' போக வேண்டும். முதலில் இது அணைந்தே இருக்கும். போட்டுவைத்தால்தான் அன்று முதல் பதிவாகும். கடந்த 24 மணி நேரத்தில் வந்தவை நேரத்தோடு வரிசையாகத் தெரியும். இன்றே போட்டுவிட்டு நாளை ஒரு முறை பாருங்கள். யார் அதிகம் தொல்லை தருகிறார்கள் என்பதற்கு அதைவிட நல்ல கணக்கு வேண்டியதில்லை.

ஃபேஸ்புக்கில் ஒரே விளையாட்டு பல பேரிடமிருந்து வருகிறது. என்ன செய்யலாம்?

விளையாட்டைத் தடுங்கள், ஆட்களை விட்டுவிடுங்கள். மெனு → செட்டிங்ஸ் அண்ட் பிரைவசி → செட்டிங்ஸ் → பிளாக்கிங். அதற்குள் 'பிளாக் ஆப்ஸ்' என்று ஒரு பகுதி. அதில் விளையாட்டின் பெயரைத் தட்டத் தொடங்கினால் பட்டியல் விழும். சரியானதைத் தேர்ந்தெடுத்தால் முடிந்தது. அதன் பிறகு அந்த விளையாட்டு ஃபேஸ்புக் வழியாக உங்களைத் தொடர்புகொள்ள முடியாது, உங்களைப் பற்றிய பொதுவில் இல்லாத தகவலையும் எடுக்க முடியாது. யார் அழைத்தாலும் உங்களிடம் வந்து சேராது.

ஃபோன் ஆப்பில் பிளாக்கிங் பக்கத்தில் ஆட்களைத் தடுக்கும் பகுதி மட்டும் தெரிந்தால் குழம்ப வேண்டாம். ஃபோனின் பிரவுசரில் ஃபேஸ்புக்கைத் திறந்து, பிரவுசர் மெனுவில் 'டெஸ்க்டாப் சைட்' போடுங்கள், அல்லது கணினியில் செய்யுங்கள். ஒரு முறை செய்தால் போதும், அது உங்கள் கணக்கு முழுவதற்கும் பொருந்தும்.

ஒன்றைக் கவனியுங்கள். பெயர் ஒரே மாதிரி இருந்தாலும் அவை தனித்தனி ஆப்கள். கேண்டி க்ரஷ் சாகாவைத் தடுத்தால் கேண்டி க்ரஷ் சோடா சாகா தடைபடாது. இரண்டையும் தனித்தனியே சேர்க்க வேண்டும்.

ஒரே ஆள் தினம் ஒரு புது விளையாட்டுக்கு அழைக்கிறார். அவரை அன்ஃபிரெண்ட் செய்யத்தான் வேண்டுமா?

வேண்டியதில்லை. அதே பிளாக்கிங் பக்கத்தில் 'பிளாக் ஆப் இன்வைட்ஸ்' இருக்கிறது. அங்கே அவர் பெயரைச் சேர்த்தால் அவர் அனுப்பும் ஆப் அழைப்புகள் எல்லாம் தானாக ஒதுக்கப்பட்டுவிடும். நட்பு அப்படியே இருக்கும், அவர் போடும் படங்கள் தெரியும், மெசேஜும் வரும்.

பக்கத்திலேயே 'பிளாக் யூசர்ஸ்' என்றும் ஒரு பகுதி இருக்கும். அவசரத்தில் அங்கே பெயரைப் போட்டுவிடாதீர்கள். அது ஆளையே தடுக்கும், நட்பும் அறுந்துவிடும். பிறகு தடையை நீக்கினாலும் மறுபடி ஃபிரெண்ட் ரிக்வெஸ்ட் அனுப்ப வேண்டிவரும். மாமா, சித்தப்பா என்றால் அதற்குக் காரணம் சொல்வது பெரும்பாடு.

அழைப்பைத் தடுத்தது அவருக்குத் தெரியுமா?

தெரியாது. ஆப் அழைப்பைத் தடுத்தாலும், விளையாட்டையே தடுத்தாலும், அந்தப் பக்கத்துக்கு எந்த அறிவிப்பும் போகாது.  வாட்ஸ்அப்பில் மியூட் செய்வது, ரிப்போர்ட் செய்வது இரண்டும் அப்படியே.

எந்த விளையாட்டு அழைப்பும் வேண்டாம். ஒரே சுவிட்ச் இருக்கிறதா?

ஃபேஸ்புக்கில் இரண்டு சுவிட்ச் இருக்கின்றன. எது எதற்கு என்று தெரியாமல் போட்டால் வேறு வம்பு வரும்.

செட்டிங்ஸ் → ஆப்ஸ் அண்ட் வெப்சைட்ஸ் போங்கள். அங்கே 'கேம் அண்ட் ஆப் நோட்டிஃபிகேஷன்ஸ்' என்று இருப்பதை 'நோ' ஆக்குங்கள். நண்பர்களின் விளையாட்டு அழைப்புகளும் ஆப் உருவாக்கியவர்கள் அனுப்பும் நோட்டிஃபிகேஷன்களும் இதோடு நிற்கும். நீங்கள் விளையாடுவதை இது பாதிக்காது. பெரும்பாலோருக்கு இந்த ஒன்றே போதும்.

அதே பக்கத்தில் 'ஆப்ஸ், வெப்சைட்ஸ் அண்ட் கேம்ஸ்' என்று இன்னொன்று. அதை 'டர்ன் ஆஃப்' செய்தால் ஃபேஸ்புக்கோடு வேறு ஆப்களுக்கு இருக்கும் தொடர்பே அறுந்துவிடும். 'லாகின் வித் ஃபேஸ்புக்' அழுத்தி நுழைந்த ஷாப்பிங் தளம், பாட்டு ஆப், குழந்தை விளையாடும் கேம் எல்லாவற்றிலும் அந்த வழியாக நுழைய முடியாமல் போகும். கேமில் ஏறிய லெவல்கள் ஃபேஸ்புக் கணக்கோடு மட்டும் கட்டியிருந்தால் அதுவும் கைவிட்டுப் போகலாம். இதைத் தொட வேண்டுமென்றால், முதலில் அந்த ஆப்களுக்குள் போய் ஈமெயிலையோ ஃபோன் எண்ணையோ நுழைவுக்குச் சேர்த்துவிட்டுத் தொடுங்கள்.

இவ்வளவும் செய்தேன். இன்னும் வருகிறது. ஏன்?

நான்கு காரணங்களைத்தான் அடிக்கடி பார்க்கலாம்.

முதலாவது, விளையாட்டு உங்கள் ஃபோனிலேயே இன்ஸ்டால் ஆகியிருக்கிறது. 'உயிர்கள் நிரம்பிவிட்டன', 'இன்றைய பரிசு காத்திருக்கிறது' என்று வருவதெல்லாம் அந்த ஆப் நேரடியாக அனுப்புவது. ஃபேஸ்புக்கில் எத்தனை முறை தடுத்தாலும் இது நிற்காது. ஃபோன் செட்டிங்ஸில்தான் நிறுத்த வேண்டும்.

இரண்டாவது, அழைப்பு ஈமெயிலாக வருகிறது. மெயிலின் அடியில் 'அன்சப்ஸ்கிரைப்' இருக்கும். ஃபேஸ்புக் அனுப்பும் மெயில் என்றால் செட்டிங்ஸ் → நோட்டிஃபிகேஷன்ஸ் → ஈமெயில் என்ற இடத்தில் குறைக்கலாம். அனுப்பியவர் முகவரி சந்தேகமாக இருந்தால் அன்சப்ஸ்கிரைபைக்கூட அழுத்தாமல் ஸ்பாம் என்று ஒதுக்குங்கள். அந்த லிங்க்கை அழுத்துவதே இந்த முகவரியில் ஆள் இருக்கிறார் என்று சொல்லிக்கொடுக்கும்.

மூன்றாவது, நண்பர் அதைச் சாதாரண மெசேஜாக, லிங்க்காக அனுப்புகிறார். லூடோ கிங் அறைக் குறியீடு வாட்ஸ்அப்பில் வருவது இந்த வகை. ஃபேஸ்புக்கின் கண்ணில் அது அழைப்பே அல்ல, யாரோ எழுதிய வரி. இதை எந்த ஆப் பிளாக்கும் பிடிக்காது.

நான்காவது, விளையாட்டு வேறு பெயரில் வேறு ஆப்பாக வருகிறது. தடுப்புப் பட்டியலில் புதுப் பெயரைச் சேர்ப்பதைத் தவிர வழியில்லை.

என் பெயரில் எல்லோருக்கும் அழைப்பு போகிறதாம். நான் அனுப்பவே இல்லை!

ஃபேஸ்புக்கில் ஆப்ஸ் அண்ட் வெப்சைட்ஸ் பட்டியலைத் திறந்து, தெரியாத விளையாட்டுகளை ஒவ்வொன்றாக 'ரிமூவ்' செய்யுங்கள். நீக்கும்போது, அந்த ஆப் உங்கள் பெயரில் போட்ட பதிவுகளையும் அழிக்கவா என்று கேட்டால் அதையும் டிக் செய்யுங்கள். மூன்று மாதம் தொடாத ஆப்களுக்கு ஃபேஸ்புக் தகவல் தருவதை நிறுத்திவிடுகிறது. ஆனால் அதற்கு முன் எடுத்துக்கொண்டது அவர்களிடம்தான் இருக்கும்.

பட்டியலில் எதுவும் இல்லாமலே உங்கள் பெயரில் லிங்க்குகள் போகின்றன என்றால் அது வேறு விஷயம், அவசரமும்கூட. கணக்குக்குள் யாரோ இருக்கிறார்கள். பாஸ்வேர்டை மாற்றுங்கள், 'வேர் யூ ஆர் லாக்டு இன்' பட்டியலில் தெரியாத சாதனங்களை வெளியேற்றுங்கள், டூ ஃபேக்டர் ஆதென்டிகேஷனை (பாஸ்வேர்டோடு இன்னொரு குறியீடும் கேட்கும் பாதுகாப்பு) போடுங்கள். வாட்ஸ்அப் என்றால் 'லிங்க்டு டிவைசஸ்' பார்த்து, உங்களுடையது அல்லாததை லாக் அவுட் செய்யுங்கள்.

மெசஞ்சரில் விளையாட்டே சாட் மாதிரி வந்து பேசுகிறதே?

2016 நவம்பரில் மெசஞ்சருக்குள்ளேயே விளையாடும் இன்ஸ்டன்ட் கேம்ஸ் வந்தது. அவை பிறகு ஃபேஸ்புக்கின் கேமிங் பகுதிக்கு நகர்ந்தன. பழைய சாட்கள் பலரிடம் இன்னும் கிடக்கின்றன. விளையாட்டின் பெயரில் இருக்கும் சாட்டைத் திறந்து, மேலே பெயரைத் தொட்டு, 'பிளாக்' கொடுங்கள். சாட்டை டெலீட் மட்டும் செய்தால் அடுத்த மெசேஜில் திரும்பி வந்து நிற்கும்.

முகம் தெரியாதவர்கள் அனுப்பும் விளையாட்டு லிங்க்குகளுக்கு: மெசஞ்சர் செட்டிங்ஸ் → பிரைவசி அண்ட் சேஃப்டி → மெசேஜ் டெலிவரி. 'அதர்ஸ் ஆன் ஃபேஸ்புக்' என்பதை 'டோன்ட் ரிசீவ் ரிக்வெஸ்ட்ஸ்' ஆக்கலாம். வியாபாரம் செய்கிறவர்கள், வேலை தேடுகிறவர்கள் அந்த அளவுக்குப் போகாமல் 'மெசேஜ் ரிக்வெஸ்ட்ஸ்' என்பதிலேயே வைப்பது நல்லது.

வாட்ஸ்அப்பில் ரம்மி, 'டெய்லி வின்னிங்' குரூப்களில் யாரோ சேர்த்துவிடுகிறார்கள்.

வாட்ஸ்அப்பில் முதலில் மாற்ற வேண்டிய செட்டிங் இதுதான். செட்டிங்ஸ் → பிரைவசி → குரூப்ஸ். 'எவ்ரிஒன்' என்று இருப்பதை 'மை கான்டாக்ட்ஸ்' ஆக்குங்கள். தெரிந்தவர்களிலேயே ஓரிருவர் தொல்லை தந்தால் 'மை கான்டாக்ட்ஸ் எக்ஸெப்ட்' போட்டு அவர்களை மட்டும் விலக்கலாம். யாரும் நேரடியாகச் சேர்க்கவே கூடாது என்றால் அதே 'எக்ஸெப்ட்' பட்டியலில் எல்லாப் பெயர்களையும் டிக் செய்யுங்கள். அனுமதி இல்லாத அட்மின் உங்களைச் சேர்க்கப் பார்த்தால், தனி மெசேஜாக ஓர் அழைப்பு மட்டும் வரும். மூன்று நாளில் அது தானாகக் காலாவதியாகிவிடும். நீங்கள் ஒன்றும் செய்ய வேண்டாம்.

'மை கான்டாக்ட்ஸ்' என்பது உங்கள் ஃபோனில் சேமித்த எல்லா எண்களும்தான். எப்போதோ ஒரு நாள் சேமித்த புரோக்கர், டிராவல்ஸ், கேட்டரிங் எண்களும் அதில் அடக்கம். குரூப்பில் சேர்ப்பவர்கள் பெரும்பாலும் இவர்களில் யாராவது இருப்பார்கள். வேண்டாத எண்களை அழித்தால் பாதிப் பிரச்சினை அதிலேயே தீரும்.

ஏற்கெனவே சேர்க்கப்பட்டுவிட்டால், குரூப் பெயரைத் தொட்டு கீழே போய் முதலில் 'ரிப்போர்ட்', பிறகு 'எக்சிட்'. 2022 முதல் நீங்கள் வெளியேறுவது அட்மினுக்கு மட்டும்தான் தெரியும், குரூப் முழுக்க அறிவிப்பு போகாது. வெளியேறியவர் பெயரை 60 நாள் வரை உறுப்பினர்கள் 'பாஸ்ட் பார்ட்டிசிபன்ட்ஸ்' பட்டியலில் பார்க்கலாம். அதனால் முன்பின் தெரியாத குரூப்பில் 'ஏன் என்னைச் சேர்த்தீர்கள்' என்று சண்டை போட வேண்டாம். பதில் போட்ட எண் புழக்கத்தில் இருக்கும் எண் என்று அவர்களுக்கு உறுதியாகிவிடும்.

சொந்தக்காரர்கள் குரூப்பிலேயே விளையாட்டு லிங்க் வருகிறது. வெளியேறவும் முடியாது.

மியூட் செய்யுங்கள். 8 மணி நேரம், ஒரு வாரம், எப்போதும் என்று மூன்று தேர்வுகள் இருக்கும், 'ஆல்வேஸ்' கொடுங்கள். கூடவே ஆர்க்கைவ் செய்தால் சாட் பட்டியலில் கண்ணில் படாது. யாராவது உங்கள் பெயரைக் குறிப்பிட்டாலோ உங்களுக்குப் பதில் போட்டாலோ மட்டும் தெரியவரும். கல்யாணத் தேதி, மருத்துவமனைச் செய்தி தவறிப்போகுமோ என்ற பயம் இருந்தால் வாரம் இரண்டு முறை நீங்களே திறந்து பார்த்துக்கொள்ளுங்கள்.

அனுப்புகிறவர் யாரென்று தெரிந்தால் குரூப்பில் சொல்லாமல் தனியாகச் சொல்லுங்கள். 'அத்தை, நீங்க கேம்ல உயிர் கேக்குறப்ப எல்லாருக்கும் போயிடுது போல. லிஸ்ட்ல என் பேர்ல இருக்குற டிக்கை மட்டும் எடுத்துடுங்க' என்றால் வருத்தமும் வராது, வேலையும் முடியும். முடிந்தால் அடுத்த முறை பார்க்கும்போது அவர் ஃபோனை வாங்கி நீங்களே காட்டிக்கொடுங்கள். பெரியவர்கள் பலருக்கு அது எல்லோருக்கும் போகிறது என்பதே தெரியாது, தெரிந்தால் சங்கடப்பட்டு நிறுத்திவிடுவார்கள்.

வாட்ஸ்அப் பிசினஸ் கணக்குகளிலிருந்து வரும் விளையாட்டு விளம்பரங்கள்?

சாட்டைத் திறந்து மேலே பெயரைத் தொட்டு 'பிளாக்' கொடுங்கள். கேட்கும் காரணத்தில் 'நான் பதிவு செய்யவில்லை', 'ஸ்பாம்' போன்றதைத் தேர்ந்தெடுங்கள். ரிப்போர்ட்டும் சேர்த்துக் கொடுத்தால் கடைசி ஐந்து மெசேஜ்கள் வாட்ஸ்அப்புக்குப் போகும். அதனால் சாட்டை அழிக்கும் முன் ரிப்போர்ட் செய்வதுதான் சரியான வரிசை.

எண்ணை மாற்றி மாற்றி அனுப்பினால்: செட்டிங்ஸ் → பிரைவசி → அட்வான்ஸ்ட் என்ற இடத்தில் 'பிளாக் அன்நோன் அக்கவுன்ட் மெசேஜஸ்' போடுங்கள். தெரியாத எண்கள் ஓர் அளவுக்கு மேல் மெசேஜ் அனுப்பினால் தடுக்கும். தெரியாத எண்களிலிருந்து வரும் வாட்ஸ்அப் கால்களுக்கு 'சைலன்ஸ் அன்நோன் காலர்ஸ்' தனியாக இருக்கிறது. கூரியர்காரர், டெலிவரி பையன் வாட்ஸ்அப்பில் அழைக்கும் வழக்கம் இருந்தால் அதை யோசித்துப் போடுங்கள்.

டெலிகிராமில் பாட்கள் விடாமல் மெசேஜ் அனுப்புகின்றன.

பாட் என்பது ஆள் இல்லாமல் தானாக மெசேஜ் அனுப்பும் புரோகிராம் கணக்கு. டெலிகிராமில் ஒரு விதி உண்டு: பாட் தானாக உங்களிடம் பேச்சைத் தொடங்க முடியாது. நீங்கள் எப்போதோ ஒரு முறை 'ஸ்டார்ட்' அழுத்தியிருக்க வேண்டும். 2024-இல் நாட்காயின், ஹாம்ஸ்டர் காம்பாட் போன்ற, திரையைத் தட்டித் தட்டிக் காயின் சேர்க்கும் விளையாட்டுகள் பரவின. நண்பரைச் சேர்த்தால் கூடுதல் காயின் என்பதால் அந்த லிங்க் எல்லோருக்கும் போனது. அன்று அதைத் திறந்து ஸ்டார்ட் அழுத்திய ஒவ்வொருவருக்கும் மெசேஜ் அனுப்பும் உரிமை அந்த பாட் கணக்குக்குக் கிடைத்துவிட்டது. ஆட்டம் மறந்துபோனாலும் உரிமை மட்டும் அப்படியே இருக்கிறது.

அதை எடுக்க, அந்த பாட் கணக்கின் சாட்டைத் திறந்து, மூன்று புள்ளி மெனுவில் 'ஸ்டாப் பாட்' அல்லது 'பிளாக்' கொடுங்கள். 'டெலீட் சாட்' கொடுக்கும்போது பாட் கணக்கை நிறுத்தவா என்று ஒரு டிக் பெட்டி வந்தால் அதைப் போட மறக்காதீர்கள். அதை விட்டுவிட்டு அழித்தால் மறுநாள் காலை அதே பாட் பட்டியலின் உச்சியில் இருக்கும்.

குரூப்களுக்கு: செட்டிங்ஸ் → பிரைவசி அண்ட் செக்யூரிட்டி → குரூப்ஸ் அண்ட் சேனல்ஸ் → 'மை கான்டாக்ட்ஸ்'. இதை மாற்றாத கணக்கு ஒரே இரவில் நான்கைந்து பந்தயக் குரூப்களில் சேர்க்கப்படுவது சாதாரணம். 'இன்னார் டெலிகிராமில் இணைந்தார்' என்ற தொல்லைக்கு, நோட்டிஃபிகேஷன்ஸ் அண்ட் சவுண்ட்ஸில் 'கான்டாக்ட் ஜாயின்டு டெலிகிராம்' என்பதை அணையுங்கள்.

இன்ஸ்டாகிராமில்?

செட்டிங்ஸ் → மெசேஜஸ் அண்ட் ஸ்டோரி ரிப்ளைஸ். குரூப் சாட்டில் யார் சேர்க்கலாம் என்பதை, நீங்கள் ஃபாலோ செய்கிறவர்கள் மட்டும் என்று மாற்றுங்கள். பரிசு வென்றதாகப் படத்தில் டேக் செய்கிறவர்களுக்கு 'டேக்ஸ் அண்ட் மென்ஷன்ஸ்' பக்கத்தில் அதே மாதிரி வரம்பு வைக்கலாம்.

ஆண்ட்ராய்டு ஃபோனில் விளையாட்டு ஆப்பின் நோட்டிஃபிகேஷனை எப்படி நிறுத்துவது?

வந்த நோட்டிஃபிகேஷனை அழுத்திப் பிடித்து அணைப்பதுதான் குறுக்கு வழி. முழுமையாகப் பார்க்க: செட்டிங்ஸ் → ஆப்ஸ் → அந்த விளையாட்டு → நோட்டிஃபிகேஷன்ஸ். ஆண்ட்ராய்டு 8 முதல் ஒரே ஆப்பின் நோட்டிஃபிகேஷன்கள் வகை வகையாகப் பிரிந்திருக்கும். நண்பரின் ஆட்டத்துக்கான அழைப்பு வேண்டும், தினசரிப் பரிசு விளம்பரம் வேண்டாம் என்றால் அந்த வகையை மட்டும் அணைக்கலாம். சில விளையாட்டுகள் எல்லாவற்றையும் ஒரே வகையில் போட்டு அனுப்பும். அப்போது மொத்தமாக அணைப்பதுதான் வழி.

ஆண்ட்ராய்டு 13 முதல் புதிதாக இன்ஸ்டால் செய்யும் ஆப், நோட்டிஃபிகேஷன் அனுப்ப அனுமதி கேட்டே ஆக வேண்டும். அங்கே 'டோன்ட் அலவ்' கொடுத்தால் விளையாட்டு நின்றுபோகாது. சில ஃபோன்களில் நிறுவனத்தின் சொந்த ஆப் ஸ்டோரும் கேம் லாஞ்சரும்கூடப் புது விளையாட்டுகளைப் பரிந்துரைத்துக்கொண்டே இருக்கும். நோட்டிஃபிகேஷன் ஹிஸ்டரியில் அவற்றின் பெயர் தெரிந்தால் அவற்றுக்கும் இதே முறைதான்.

ஐபோனில்?

நோட்டிஃபிகேஷனை இடப்பக்கம் தள்ளி, 'ஆப்ஷன்ஸ்' தொட்டு, 'டர்ன் ஆஃப்' கொடுங்கள். விளையாட்டு நண்பர் கோரிக்கைகள் வந்தால் செட்டிங்ஸ் → கேம் சென்டர் போய், தெரிந்தவர்களிடமிருந்து மட்டும் கோரிக்கை என்று வையுங்கள். காலண்டரில் 'பரிசு வென்றீர்கள்' என்று நிகழ்ச்சிகள் குவிந்தால் நீங்கள் தெரியாமல் ஒரு காலண்டருக்குச் சந்தா ஆகியிருக்கிறீர்கள். நிகழ்ச்சிகளை ஒவ்வொன்றாக அழிப்பது வீண் வேலை. காலண்டர் ஆப்பின் பட்டியலில் அந்தப் பெயரைக் கண்டுபிடித்து, அந்தக் காலண்டரையே நீக்குங்கள்.

குரோம் பெயரில் வருகிறது என்றீர்களே, அதை எப்படி நிறுத்துவது?

படம் பார்க்கும் தளத்திலோ கிரிக்கெட் ஸ்கோர் தளத்திலோ 'நீங்கள் ரோபோ இல்லை என்று காட்ட அலவ் அழுத்துங்கள்' என்று ஒரு பக்கம் வந்திருக்கும். உண்மையில் நீங்கள் கொடுத்தது நோட்டிஃபிகேஷன் அனுமதி. அந்த நாளிலிருந்து தளம் மூடியிருந்தாலும் அழைப்புகள் வந்துகொண்டே இருக்கும். வாட்ஸ்அப் ஐகான் மாதிரிப் படம் போட்டு அனுப்புவதும் உண்டு.

குரோமைத் திறந்து மூன்று புள்ளி → செட்டிங்ஸ் → சைட் செட்டிங்ஸ் → நோட்டிஃபிகேஷன்ஸ். 'அலவ்டு' பட்டியலில் உங்களுக்குத் தேவையில்லாத எல்லாத் தளங்களையும் பிளாக் செய்யுங்கள். அதோடு, இனி எந்தத் தளமும் கேட்கவே கூடாது என்றால் மேலே உள்ள மொத்தச் சுவிட்சை அணைத்துவிடலாம். ஐபோனில் ஹோம் ஸ்கிரீனில் சேர்த்த தளம் மட்டுமே இப்படி அனுப்ப முடியும் என்பதால் இது அரிது.

எஸ்எம்எஸ்ஸில் வரும் விளையாட்டு விளம்பரங்களுக்கு?

இந்திய எண்களில் விளம்பர எஸ்எம்எஸ்களைத் தடுக்க 1909 என்ற எண் இருக்கிறது. ஆங்கிலப் பெரிய எழுத்தில் 'ஸ்டார்ட்', ஓர் இடைவெளி, பிறகு 0 என்று தட்டி 1909-க்கு அனுப்பினால் எல்லா விளம்பர வகைகளும் தடை செய்யப்படும். ஓடிபி, வங்கிப் பரிவர்த்தனை எஸ்எம்எஸ்கள் இதனால் நிற்காது. பதிவு செய்த பிறகும் விளம்பரம் வந்தால், டிராய் (தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம்) தரும் டிஎன்டி ஆப்பிலோ 1909-லோ உடனே புகார் கொடுங்கள். வந்து ஏழு நாளுக்குள் கொடுத்தால்தான் எடுத்துக்கொள்வார்கள். வாட்ஸ்அப், டெலிகிராம் மெசேஜ்கள் இந்தப் பட்டியலுக்குள் வராது. அவற்றை அந்தந்த ஆப்பில்தான் நிறுத்த வேண்டும்.

காசு கட்டி ஆடும் விளையாட்டுக்கு அழைப்பு வந்தால்?

இது வெறும் தொல்லையாகக் கருதி மியூட் செய்துவிட்டுப் போகிற விஷயம் அல்ல. 2025 ஆகஸ்ட் 22 அன்று குடியரசுத் தலைவர் ஒப்புதல் பெற்ற மத்திய ஆன்லைன் விளையாட்டுச் சட்டம், காசு வைத்து ஆடும் ஆன்லைன் விளையாட்டுகளை நடத்துவதையும் விளம்பரப்படுத்துவதையும் தடை செய்கிறது. விளம்பரத்துக்கே இரண்டு ஆண்டு வரை சிறை, 50 லட்சம் ரூபாய் வரை அபராதம் என்று அதில் இருக்கிறது. ஆகவே 'உங்கள் லிங்க்கில் பத்துப் பேரைச் சேர்த்தால் போனஸ்' என்று வந்தால் அதை நீங்களும் ஃபார்வேர்ட் செய்யாதீர்கள்.

ஏபிகே கோப்பாக (ஆண்ட்ராய்டு ஆப்பை நேரடியாக இன்ஸ்டால் செய்யும் கோப்பு) வரும் ரம்மி ஆப்பைத் திறக்கவே வேண்டாம். பிளே ஸ்டோருக்கு வெளியே இருந்து இன்ஸ்டால் ஆகும் அப்படிப்பட்ட ஆப், எஸ்எம்எஸ் படிக்கவும் நோட்டிஃபிகேஷன் பார்க்கவும் அனுமதி கேட்கும். கொடுத்தால் உங்கள் ஓடிபியும் அதன் கைக்குப் போகும். ஏற்கெனவே போட்டுவிட்டீர்கள், அன்இன்ஸ்டால் பட்டன் மங்கலாக இருக்கிறது என்றால், செட்டிங்ஸில் 'டிவைஸ் அட்மின் ஆப்ஸ்' என்று தேடி, அந்த ஆப்பின் அனுமதியை எடுத்துவிட்டுப் பிறகு நீக்குங்கள். அதற்கு முன் ஃபோனை ஏரோபிளேன் மோடில் போட்டுவிடுவது நல்லது.

பணம் போய்விட்டால் தாமதிக்காமல் சைபர் குற்ற உதவி எண்ணான 1930-க்கு அழையுங்கள். சீக்கிரம் சொன்னால் பணம் அடுத்த கணக்குக்குக் கைமாறும் முன் முடக்க வாய்ப்பு அதிகம். பணம் போகவில்லை, சந்தேகமான மெசேஜ் மட்டும் வந்தது என்றால் மத்திய அரசின் தொலைத்தொடர்புத் துறை நடத்தும் சஞ்சார் சாத்தி தளத்தின் 'சக்ஷு' பகுதியில் புகார் செய்யலாம். எந்தப் புகாராக இருந்தாலும், பிளாக் செய்வதற்கு முன் ஸ்க்ரீன்ஷாட் எடுத்துக்கொள்ளுங்கள்: அனுப்பியவர் எண், தேதி, நேரம், லிங்க் நான்கும் ஒரே படத்தில் தெரிய வேண்டும். குரூப் என்றால் அட்மின் எண் தெரியும் பக்கத்தையும் தனியாக ஒரு படம் எடுத்துவிட்டு வெளியேறுங்கள்.